"ஏறும்போது ஒண்ணுமில்ல, இறங்கும்போதுதான் கால் மரத்துப்போகுது!" - இடுப்பில் 'சின்ன ஓட்டை' ஆபரேஷனுக்கு முன்னால் கேட்க வேண்டிய கேள்விகள்

திருக்கழுக்குன்றம் மலைக்கோயிலுக்கு ஏறுவதற்கு ஒரு படிக்கட்டு, இறங்குவதற்கு ஒரு படிக்கட்டு. ஐந்நூறுக்கும் மேற்பட்ட படிகள். அடிவாரத்துத் தெருவிலேயே பிறந்து வளர்ந்து, அங்கேயே வாழ்க்கைப்பட்ட என் ஆயாவுக்கு அது ஒரு மலையே இல்லை. மாதம் ஒரு தடவையாவது ஏறிவிடுவார். நான்கு வருடங்களுக்கு முன்னால் ஒரு நாள், இறங்கும் வழியில் பாதியிலேயே உட்கார்ந்துவிட்டார்.

"ஏறும்போது ஒண்ணுமே தெரியல கண்ணு. இறங்கும்போதுதான் ரெண்டு காலும் என் கால் மாதிரியே இல்ல. மரக்கட்டையா இருக்குது" என்றார்.

வீட்டில் ஆளாளுக்கு ஒரு காரணம் சொன்னோம். சுகர், மூட்டுத் தேய்மானம், வயசு, வைட்டமின் குறைவு... ஏறும்போது வராத வலி இறங்கும்போது ஏன் வருகிறது என்று மட்டும் யாரும் யோசிக்கவில்லை. ஆயா சொன்ன அந்த ஒரு வரியிலேயே நோய் இருந்தது. அது எங்களுக்குப் புரிய இரண்டு வருடங்கள் ஆயின. அதற்குள் ஒரு தைல டஜன், இரண்டு இடுப்பு பெல்ட், கணக்கில்லாத வலி மாத்திரைகள்.

நோயின் பெயர் 'லம்பார் கெனால் ஸ்டெனோசிஸ்'. அதாவது, கீழ் முதுகில் நரம்புகள் போகும் பாதை குறுகிப்போவது.

குழாய் ஏன் குறுகுகிறது?

முதுகெலும்புக் கண்ணிகளுக்குப் பின்னால் மேலிருந்து கீழாக ஒரு குழாய் போன்ற பாதை இருக்கிறது. அதற்குள்தான் தண்டுவடம் வருகிறது. இடுப்புக்குச் சற்று மேலேயே தண்டுவடம் முடிந்துவிடும். அதற்குக் கீழே கால்களுக்கும் சிறுநீர்ப்பைக்கும் போகிற நரம்புகள், குதிரைவால் போலக் கொத்தாகத் தொங்குகின்றன.

வயதாக ஆக, கண்ணிகளுக்கு நடுவில் இருக்கும் டிஸ்க் (நம் ஊரில் 'ஜவ்வு' என்போமே, அதுதான்) வற்றி முன்பக்கத்திலிருந்து பிதுங்குகிறது. பின்பக்க மூட்டுகள் தேய்ந்து, எலும்பு தடித்து வளர்கிறது. கண்ணிகளை இணைக்கும் மஞ்சள் நிறத் தசைநார் ஒன்று உண்டு, அதுவும் தடித்து மடிகிறது. மூன்று பக்கமும் சுவர் உள்ளே நகர்ந்தால் நடுவில் இருப்பவர்கள் என்ன ஆவார்கள்? அதுதான் நரம்புகளுக்கும் நடக்கிறது. பெரும்பாலும் அறுபதைத் தாண்டியவர்களுக்கு வருவது. கீழிருந்து இரண்டாவது கண்ணிக்கும் கடைசிக் கண்ணிக்கும் நடுவில், 'எல்4-எல்5' என்று ஸ்கேன் ரிப்போர்ட்டில் எழுதியிருப்பார்களே, அந்த இடத்தில்தான் அதிகம்.

இதை ஒரு தனி நோயாக 1954-ல் தெளிவாக எழுதியவர் நெதர்லாந்தின் யுட்ரெக்ட் நகரத்தைச் சேர்ந்த நரம்பியல் அறுவை மருத்துவர் ஹெங்க் வெர்பியஸ்ட். நிற்கும்போதும் நடக்கும்போதும் கால் வலிக்கிறது, உட்கார்ந்தால் போய்விடுகிறது என்று சொன்ன நோயாளிகளை அவர் கவனித்தார்.

இப்போது மலைக்கு வருவோம். நிமிர்ந்தால் அந்தக் குழாய் இன்னும் குறுகும், முன்பக்கம் குனிந்தால் சற்று விரியும். படி ஏறும்போது நம் உடம்பு தானாகவே முன்னால் சாய்கிறது. இறங்கும்போது பின்னால் சாய்கிறது. அவ்வளவுதான் ரகசியம்!

தள்ளுவண்டி சொல்லும் சேதி

வெளிநாட்டுப் புத்தகங்களில் இதற்கு சூப்பர் மார்க்கெட் உதாரணம் சொல்வார்கள். சாமான் வண்டியின் மேல் கையூன்றிக் குனிந்து தள்ளினால் எவ்வளவு தூரம் வேண்டுமானாலும் நடப்பார், வண்டியை விட்டால் நான்கு நிமிடத்தில் உட்கார இடம் தேடுவார். நம் பக்கத்தில் அதைத் தள்ளுவண்டிக்காரரிடமும், இரண்டு பக்கமும் குடம் மாட்டிய சைக்கிளைத் தள்ளிக்கொண்டு போகிறவரிடமும் பார்க்கலாம். சைக்கிள் மிதிக்கிறவருக்கு மிதிக்கும்வரை ஒன்றும் இருக்காது, இறங்கி நடந்தால்தான் கால் கனக்கும். மாமல்லபுரத்தில் நாள் முழுக்கக் குனிந்து உளி பிடிக்கும் ஒரு சிற்பிக்கு இந்த நோய் வந்தால், பட்டறையில் உட்கார்ந்திருக்கும்வரை அது அவரைத் தொந்தரவு செய்யாமல் இருக்கலாம். வேலை முடிந்து பஸ் ஸ்டாண்டுக்கு நடக்கும்போதுதான் தெரியும்.

வீட்டில் இருக்கும் பெரியவர்களிடம் "இடுப்பு வலிக்குதா?" என்று கேட்காதீர்கள். யாருக்குத்தான் வலிக்காது? "எவ்வளவு தூரம் நடந்ததும் உட்காரத் தோணுது? உட்கார்ந்தா எத்தனை நிமிஷத்துல சரியாகுது? குனிஞ்சா குறையுதா?" என்று கேளுங்கள். இந்த நோயில் முக்கியமான புகார் இடுப்பில் இல்லை, காலில்தான்.

இதே மாதிரி வேஷம் போடும் வேறு நோய்களும் உண்டு. காலுக்குப் போகிற ரத்தக்குழாயில் அடைப்பு இருந்தாலும் நடந்தால் கெண்டைக்கால் வலிக்கும். ஆனால், அதற்கு உட்கார வேண்டாம், சும்மா நின்றாலே போதும், வலி குறையும். சைக்கிள் மிதித்தாலும் அந்த வலி வரும். சர்க்கரை நோயாளிகளும் பீடி, சிகரெட் பழக்கம் உள்ளவர்களும் இதைக் கட்டாயம் பரிசோதிக்க வேண்டும். டாக்டர் பாதத்தில் விரல் வைத்து நாடி பார்ப்பது இதற்காகத்தான். சர்க்கரையால் நரம்பு கெட்டிருந்தால், ராத்திரி படுத்திருக்கும்போதும் பாதம் எரியும். நடையோடு அதற்குப் பெரிய சம்பந்தம் இல்லை. ஒரே ஆளுக்கு இதில் இரண்டும் சேர்ந்து இருக்கவும் கூடும். எங்கள் ஆயாவுக்கு அப்படித்தான் இருந்தது. அதனாலேயே சுகர் மாத்திரையை மாற்றி மாற்றி ஒரு வருடம் ஓடிவிட்டது.

ஸ்கேன் படம் பார்த்து பயந்த கதை

கடைசியில் ஒரு தனியார் மருத்துவமனையில் எம்.ஆர்.ஐ. எடுத்தோம். ஆயா உள்ளே வந்த நேரத்துக்கும் வெளியே போன நேரத்துக்கும் நடுவில், அவரை ஒருவரும் நடக்கச் சொல்லிப் பார்க்கவில்லை. படத்தை மட்டும் பார்த்தார்கள். "மூணு இடத்துல நரம்பு நசுங்கியிருக்கு. மூணுலயும் ஸ்க்ரூ, ராடு வைக்கணும். தள்ளிப்போட்டா கால் வராம போயிடும்." செலவாகச் சொன்ன தொகையைக் கேட்டு மாமா நேராக அடகுக்கடைக்குப் போகத் தயாரானார். அத்தை அன்றே வளையல்களைக் கழற்றி வைத்துவிட்டார்.

ஸ்கேன் படம் பொய் சொல்லாது. ஆனால், முழுக்கதையும் சொல்லாது. 1990-ல் வெளியான ஓர் அமெரிக்க ஆய்வில், முதுகுவலியே இல்லாத 67 பேருக்கு எம்.ஆர்.ஐ. எடுத்துப் பார்த்தார்கள். அவர்களில் 60 வயதைத் தாண்டியவர்களில் ஏறக்குறைய ஐந்தில் ஒருவருக்குக் குழாய் குறுகியிருந்தது. அவர்களுக்கோ எந்தத் தொந்தரவும் இல்லை! தலைமுடி நரைப்பது போல முதுகெலும்பும் நரைக்கிறது. அதனால், படத்தில் குறுகியிருக்கும் இடமும் காலில் மரத்துப்போகும் இடமும் ஒத்துப்போகின்றனவா என்று பார்ப்பவர்தான் சரியான மருத்துவர்.

'தள்ளிப்போட்டால் கால் வராது' என்ற பயமுறுத்தலும் எல்லோருக்கும் பொருந்தாது. இந்த நோய் பலருக்கு வருடக்கணக்கில் அப்படியே இருக்கும், சிலருக்குக் கொஞ்சம் குறையவும் செய்யும். ஆனால், சில அறிகுறிகளில் ஒரு நாள்கூடக் காத்திருக்கக் கூடாது. சிறுநீர், மலம் கட்டுப்பாடு இல்லாமல் போவது அல்லது சிறுநீர் வராமல் அடைப்பது. சைக்கிள் சீட்டில் படும் இடங்களில் உணர்ச்சி மரத்துப்போவது. பாதம் தூக்க முடியாமல் செருப்பு தானாகக் கழன்று விழுவது, கால் பலம் நாளுக்கு நாள் குறைவது. இதில் எது வந்தாலும் ராத்திரி, ஞாயிற்றுக்கிழமை என்று பார்க்காமல் எமர்ஜென்சிக்கு ஓடுங்கள்.

ஆயாவுக்கு வேறொரு பயம் இருந்தது. "கலைஞரே முதுகுல ஆபரேஷன் பண்ணிக்கிட்டு வீல்சேர்லதானே உட்கார்ந்தாரு?" என்றார். 2009 பிப்ரவரியில் அப்போதைய முதல்வர் கருணாநிதிக்கு போரூர் ராமச்சந்திரா மருத்துவமனையில் முதுகெலும்பு அறுவை சிகிச்சை நடந்தது. அப்போது அவருக்கு வயது 84. அதன் பிறகு சக்கர நாற்காலியில் அவரைப் பார்த்த படங்கள் நம் ஊர்ப் பெரியவர்கள் மனதில் அப்படியே தங்கிவிட்டன. ஒருவருடைய உடல்நிலை வேறு, இன்னொருவருடையது வேறு. அந்தச் சக்கர நாற்காலியில்தான் அவர் 2011-லும் 2016-லும் பிரசாரம் செய்து திருவாரூரில் ஜெயித்தார் என்று சொன்னேன். ஆயா சமாதானமாகவில்லை.

கத்திக்கு முன்னால்

அடகுக்கடைக்குப் போகும் வழியில் மாமாவை நிறுத்தி, வேறொரு மருத்துவரிடம் போனோம். அவர் முதலில் செய்தது, ஆயாவை வராண்டாவில் நடக்கச் சொன்னதுதான். கையில் மொபைல் ஸ்டாப்வாட்ச். நான்கு நிமிடத்தில் ஆயா சுவரைப் பிடித்தார். பிறகு, குனிந்தும் நிமிர்ந்தும் பக்கவாட்டில் எக்ஸ்-ரே எடுக்கச் சொன்னார். கண்ணிகள் ஒன்றின்மேல் ஒன்று நழுவுகின்றனவா என்று பார்க்க இது முக்கியம். நழுவவில்லை. "ஒரு இடம்தான் பிரச்னை பண்ணுது. முதல்ல ஆறு வாரம் பிசியோதெரபி" என்றார்.

முழங்காலை நெஞ்சோடு சேர்த்து அணைக்கும் பயிற்சி, வயிற்றுத் தசைக்கான பயிற்சி, நின்ற இடத்தில் மிதிக்கும் சைக்கிள், வலி வருவதற்கு முன்பே உட்கார்ந்து, பிறகு மறுபடி நடப்பது. கேட்க சாதாரணமாக இருக்கும். ஆனால், 2015-ல் வெளியான அமெரிக்க ஆய்வு ஒன்று இதை அறுவை சிகிச்சையோடு நேருக்கு நேர் ஒப்பிட்டது. ஆபரேஷனுக்குச் சம்மதித்த 169 பேரைக் குலுக்கல் முறையில் இரண்டாகப் பிரித்து, ஒரு பாதிக்கு அறுவை, மறுபாதிக்கு முறையான பிசியோதெரபி. இரண்டு வருடம் கழித்து இரு குழுவினரும் கிட்டத்தட்ட ஒரே அளவில் நடமாடினார்கள். இதில் இன்னொரு பக்கமும் இருக்கிறது. பிசியோதெரபி குழுவில் பாதிக்கும் மேற்பட்டவர்கள் இடையில் ஆபரேஷனுக்கு மாறிவிட்டார்கள். ஆகவே, பயிற்சி எல்லோருக்கும் போதாது. ஆனால், அதை முயன்று பார்க்காமல் கத்திக்குப் போவதும் அவசரம்தான்.

நடக்கவே முடியாதவர்கள் என்றால், 2021 ஆகஸ்டில் தொடங்கிய 'மக்களைத் தேடி மருத்துவம்' திட்டத்தில் வீட்டுக்கே வந்து பிசியோதெரபி கொடுக்கிறார்கள். உங்கள் பகுதி ஆரம்ப சுகாதார நிலையத்தில் கேட்டுப் பாருங்கள்.

முதுகில் ஊசி? தண்டுவட உறைக்கு வெளியே ஸ்டீராய்டு மருந்து செலுத்துவது. 2014-ல் 400 நோயாளிகளிடம் நடந்த ஆய்வில், ஸ்டீராய்டு சேர்த்த ஊசிக்கும் வெறும் மரப்பு மருந்து ஊசிக்கும் ஆறு வாரம் கழித்துச் சொல்லும்படியான வித்தியாசம் இல்லை. தற்காலிகமாக வலி குறைய சிலருக்கு உதவலாம். சர்க்கரை நோயாளிகளுக்குச் சில நாள்கள் சர்க்கரை ஏறும் என்பதை மறக்க வேண்டாம்.

'சின்ன ஓட்டை' என்றால் என்ன?

டிஜிட்டல் டெஸ்க்கில் வேலை பார்ப்பதால் ஒரு நாளைக்கு எத்தனை 'கத்தியின்றி, ரத்தமின்றி, லேசரில் முதுகுவலிக்குத் தீர்வு' ரீல்ஸ் கண்ணில் படுகிறது என்று கணக்கு வைக்க முடியாது. ஆயாவுக்காக ஒரு முறை தேடினேன், அதோடு என் போனே முதுகுவலி வந்தது போல் ஆகிவிட்டது! விளம்பரத்தை விடுங்கள். உண்மையில் என்ன செய்கிறார்கள்?

பழைய முறையில் நடு முதுகில் நீளமாகக் கீறி, இரண்டு பக்கத் தசையையும் எலும்பிலிருந்து பிரித்து, குழாயின் கூரையாக இருக்கும் எலும்பை எடுத்துவிடுவார்கள். நரம்புக்கு இடம் கிடைக்கும். ஆனால், தசைக்கு அடி அதிகம்.

நுண்துளை முறையில் தசையை வெட்டுவதில்லை, விலக்குகிறார்கள். ஒன்றைவிட ஒன்று சற்றுப் பெரிதான குழல்களை ஒன்றன்மேல் ஒன்றாக நுழைத்து, கடைசியில் கட்டைவிரல் பருமனுக்கு ஒரு வழி ஏற்படுத்துவார்கள். அதன் வழியாக மைக்ராஸ்கோப்பில் பார்த்தபடி, தடித்த எலும்பை மெல்லத் தேய்த்து, அந்த மஞ்சள் தசைநாரை எடுப்பார்கள். ஒரு பக்கமாக நுழைந்து, சாய்வாகப் போய் மறுபக்கத்து நரம்பையும் விடுவிக்கலாம் என்பதுதான் இதில் கெட்டிக்காரத்தனம்.

எண்டோஸ்கோப்பியில் இன்னும் சின்னத் துளை. ஒரே துளையில் கேமராவும் கருவியும் போவது ஒரு வகை. ஒன்றில் கேமரா, இன்னொன்றில் கருவி என இரண்டு துளை போடுவது மற்றொரு வகை. தென்கொரிய மருத்துவர்கள் பரவலாக்கிய இந்த இரு துளை முறை இப்போது இந்தியாவிலும் நடக்கிறது. உப்புநீர் ஓடிக்கொண்டே இருப்பதால் ரத்தம் மறைக்காமல் தெளிவாகத் தெரியும்.

இதில் கிடைக்கும் லாபம் நிஜமானது. ரத்த இழப்பு குறைவு, தொற்று ஆபத்து குறைவு, மருத்துவமனையில் இருக்கும் நாள்கள் குறைவு, சீக்கிரம் எழுந்து நடக்கலாம். வயதானவர்களுக்கு இது சின்ன விஷயமில்லை. ஆனால், இந்த லாபம் பெரும்பாலும் முதல் சில வாரங்களில்தான் தெரிகிறது. ஒரு வருடம், இரண்டு வருடம் கழித்து எவ்வளவு நடக்கிறார் என்று பார்த்தால், துளையின் அளவு பெரிய வித்தியாசத்தைக் காட்டுவதில்லை. நார்வேயில் 16 மருத்துவமனைகளில் 437 பேரிடம், எலும்பை முழுதாக எடுக்காத மூன்று விதமான முறைகளை ஒப்பிட்டார்கள். இரண்டு வருட முடிவில் மூன்றும் ஒன்றுபோலத்தான் இருந்தன. ஆகவே, உங்கள் மருத்துவருக்கு எது கைவந்த முறையோ அதுவே உங்களுக்கு நல்ல முறை. "இந்த முறையில இதுவரைக்கும் எத்தனை பேருக்குப் பண்ணியிருக்கீங்க டாக்டர்?" என்று கேட்பதில் தப்பே இல்லை. சின்னத் துளைக்குள் வேலை செய்யப் பழக நாளாகும். பழகாத கையில், நரம்பின் உறை கிழிவதும், நெருக்கடி முழுதாக நீங்காமல் போவதும் நடக்கும்.

புதிதாக வந்தது எல்லாமே நிலைக்கும் என்பதும் இல்லை. இரண்டு கண்ணிகளின் பின்முள்ளுக்கு நடுவில் ஆப்பு போல ஒரு உலோகத் துண்டைச் செருகி, முதுகைக் குனிந்த நிலையிலேயே வைத்திருக்கும் 'எக்ஸ்-ஸ்டாப்' என்ற கருவிக்கு அமெரிக்காவில் 2005-ல் அனுமதி கிடைத்தது. பத்தே வருடத்தில் அது சந்தையைவிட்டே போய்விட்டது.

கேட்க வேண்டிய பெரிய கேள்வி

துளையைவிடப் பெரிய கேள்வி, ஸ்க்ரூ வேண்டுமா வேண்டாமா என்பதுதான். இடத்தை விடுவிப்பது ஒரு வேலை. கண்ணிகளை ஸ்க்ரூ, ராடு போட்டு இறுக்கி ஒன்றாக்குவது வேறு வேலை. செலவை ஏற்றுவதும் இதுதான். ஸ்வீடனில் 247 பேரிடம் நடந்து 2016-ல் வெளியான ஆய்வில், விடுவிப்பு மட்டும் செய்தவர்களும், விடுவிப்போடு ஸ்க்ரூவும் போட்டவர்களும் இரண்டு வருடத்தில் ஒரே மாதிரிதான் இருந்தார்கள். ஸ்க்ரூ போட்டவர்கள் மருத்துவமனையில் அதிக நாள் இருந்தார்கள், செலவும் அதிகம்.

ஸ்க்ரூவே வேண்டாம் என்று அர்த்தம் இல்லை. கண்ணி ஆடுகிறது, முதுகு வளைந்திருக்கிறது, அல்லது விடுவிப்பதற்காகவே மூட்டில் அதிகம் எடுக்க வேண்டியிருக்கிறது என்றால், அது தேவைப்படலாம். "எனக்கு ஏன் ஸ்க்ரூ? எந்த எக்ஸ்-ரேயில அது தெரியுது?" என்று கேளுங்கள். காரணம் இருந்தால் மருத்துவர் படத்திலேயே காட்டுவார். கோபப்பட்டால் இன்னொருவரிடம் போங்கள்.

செங்கல்பட்டு பக்கத்தில் இருப்பவர்கள் இரண்டாவது கருத்துக்கு ரொம்ப தூரம் போக வேண்டியதில்லை. 1965-ல் தொடங்கிய செங்கல்பட்டு அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனை இருக்கிறது. கடற்கரை ரயிலில் ஏறினால் கிண்டி. அங்கே 2023-ல் திறந்த கலைஞர் நூற்றாண்டு உயர் சிறப்பு மருத்துவமனையும், முதியவர்களுக்கென்றே 2024-ல் திறந்த 200 படுக்கை தேசிய முதியோர் நல மருத்துவமனையும் இருக்கின்றன. ரயிலில் உட்கார்ந்து போகலாம் என்பதே இந்த நோயாளிகளுக்குப் பெரிய சௌகரியம். குடும்ப ஆண்டு வருமானம் 1,20,000 ரூபாய்க்குள் இருந்தால் முதலமைச்சரின் விரிவான மருத்துவக் காப்பீட்டுத் திட்ட அட்டையை எடுத்துக்கொண்டு போங்கள். ஆண்டுக்கு 5 லட்சம் ரூபாய் வரை சிகிச்சை. உங்களுக்குச் சொன்ன அறுவை அதில் வருகிறதா என்று, அட்மிட் ஆவதற்கு முன்பே காப்பீட்டுப் பிரிவில் கேட்டுவிடுங்கள். தனியாரிலும் இந்தத் திட்டத்தில் சேர்ந்த மருத்துவமனைகள் உண்டு. பழைய எம்.ஆர்.ஐ. ஃபிலிம், சிடி இரண்டையும் கேட்டு வாங்கிவிடுங்கள். அது உங்கள் சொத்து. மறுபடி ஸ்கேன் செலவு மிச்சம்.

ஆயாவுக்கு பிசியோதெரபியில் நான்கு நிமிடம் எட்டு நிமிடம் ஆனது. அதற்கு மேல் நகரவில்லை. ஆறு மாதம் பார்த்துவிட்டு, அவரே "பண்ணிடுங்க டாக்டர்" என்றார். குழல் வழியாக ஒரே இடத்தில் விடுவிப்பு. ஸ்க்ரூ இல்லை. மறுநாள் வராண்டாவில் நடந்தார். அத்தையின் வளையல்கள் கைக்குத் திரும்பின.

எல்லாம் சரியாகிவிடவில்லை. காலின் கனம் போய்விட்டது. இடுப்பு வலி அங்கேயேதான் இருக்கிறது. அதை முன்பே டாக்டர் சொல்லியிருந்தார், இந்த ஆபரேஷன் கால் வலிக்கு, இடுப்பு வலிக்கு உத்தரவாதம் கிடையாது என்று. சுகரால் வந்த பாத எரிச்சலும் போகவில்லை. வலது பெருவிரல் இன்னும் மரத்துத்தான் இருக்கிறது.

இப்போது தினமும் சாயங்காலம் சங்கு தீர்த்தக் குளம் வரை நடந்துபோய், படியில் உட்கார்ந்துவிட்டு வருகிறார். போன மாத செக்கப்பில் டாக்டரிடம், மலை ஏறலாமா என்று கேட்டார். "ஏறுங்க, பரவாயில்ல. இறங்கும்போது பேரப்பிள்ளையைக் கூட்டிக்கிட்டுப் போங்க" என்றார் டாக்டர். வருகிற பௌர்ணமிக்கு எனக்கு லீவு போடச் சொல்லி, நேற்று காலையிலிருந்து மூன்று தடவை போன் பண்ணிவிட்டார்.